கோல்கீப்பர் அண்ணையின் வோட்டு

தெற்கு லண்டனின் மிச்சம் பகுதியில் அரசியல் கருத்து இல்லாத தமிழர் ஒருவர்தான். அவர் கோல்கீப்பர் அண்ணை. மற்றவர்களிடம் ஆளுக்கு இரண்டு இருந்ததால் ஊருக்குக் குறையொன்றும் இல்லை.

இளமையில் யாழ்ப்பாணத்து இறுதியாட்டம் ஒன்றில் மூன்று பெனால்டிகளைத் தடுத்தவர். அந்த மூன்று, வட லண்டன் எட்மண்டனில் ஐந்தாகவும் கிழக்கு லண்டன் பார்க்கிங் ஊரில் ஏழாகவும் வளர்ந்திருந்தது. "மூண்டுதான்" என்று அவரே திருத்தினால், தன்னடக்கம் என்றார்கள்.

கவுன்சில் தேர்தல் வந்தது. அவருடைய ஆதரவைத் தேடி மூன்று வேட்பாளர்கள் வீட்டுக்கு வந்தார்கள். வீட்டுக்கு வந்தவரிடம் இல்லையென்று சொல்ல அண்ணைக்கு வாய் வராது. மூவருக்கும் தேநீர் கொடுத்து, மூவரின் போஸ்டரையும் முன் ஜன்னலில் ஒட்டினார். அளந்து பார்த்தேன், மூன்றும் ஒரே உயரம்.

அவருக்கு இருந்த கவலை ஒன்றே. சனிக்கிழமைகளில் அவர் பந்தாட்டம் பழக்கும் மைதானம் கார் நிறுத்தும் இடமாகப் போவதாகப் பேச்சு.

தமிழ்த் தொலைக்காட்சி ஒன்று நேரலைப் பேட்டிக்கு அழைத்தது. நான்தான் காரில் கூட்டிச் சென்றேன். பந்தாட்டம் பற்றி நான்கு கேள்விகள் முடிந்ததும் பேட்டியாளர் முன்னால் சாய்ந்தார்.

"அண்ணை, நீங்கள் எந்தக் கட்சி?"

அண்ணை கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"தம்பி, பெனால்டி அடிக்க வாறவன்ர முகத்தை நான் பாக்கிறேல்லை. காலைத்தான் பாப்பன்."

"விளங்கேல்லை அண்ணை."

"மூண்டு பேரும் என்ர வீட்டில தேத்தண்ணி குடிச்சவை. மூண்டு பேரும் கிரவுண்டைக் காப்பாத்துவம் எண்டவை. சனிக்கிழமை பத்து மணிக்கு அங்க வந்து, சனத்துக்கு முன்னால எழுதிக் கையெழுத்து வைக்கட்டும். வைக்கிறவருக்குத்தான் என்ர வோட்டு."

சனிக்கிழமை ஒன்பது ஐம்பதுக்கே மூவரும் வந்து நின்றார்கள். ஒரே தாளில் மூன்று கையெழுத்து. யார் வென்றாலும் மைதானம் தப்பும்.

திரும்பும்போது கேட்டேன். "மூண்டு பேரும் வச்சிட்டினம். இனி ஆருக்கண்ணை போடுவீங்கள்?"

"எனக்கெங்க வோட்டு? பேர் பதியேல்லை."

காரை ஓரமாக நிறுத்திவிட்டேன். "ஏன் பதியேல்லை?"

"கவுன்சில் கடிதமெண்டா பார்க்கிங் ஃபைனாத்தான் இருக்குமெண்டு உடைக்காமல் மேசை லாச்சிக்குள்ள போடுறனான். நேற்றுத்தான் ஒண்டை உடைச்சுப் பாத்தன். பதியிற நாள் முடிஞ்சு போச்சு."

"அதை அவையிட்டச் சொல்லேல்லையோ?"

"அவை கேக்கேல்லையே."

மைதானத்தில் இன்றும் சனிக்கிழமைகளில் பந்து உருள்கிறது. அந்தத் தாளின் பிரதி என் நாட்குறிப்பில் இருக்கிறது. இவ்வருடம் வாக்காளர் படிவத்தை நானே நிரப்பி அண்ணை வீட்டுக்குக் கொண்டுபோனேன். கையெழுத்து வைத்துவிட்டுத் தேநீர் போட எழுந்தார். எந்தக் கட்சி என்று நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால், வீட்டுக்கு வந்தவன் என்பதற்காக என் கட்சியையே சொல்லியிருப்பார்.