அகராதி வாய் திறந்த கதை

இனிமேல் இந்த வீட்டில் ஒரு வார்த்தைகூடப் பேசுவதில்லை என்று அகராதி முடிவு கட்டிவிட்டார்.

அகராதி என்பது தெரு வைத்த பெயர். அச்சகத்தில் புரூஃப் பார்க்கிற உத்தியோகம். அடுத்தவர் எழுதியதில் குற்றம் கண்டுபிடித்தால் சம்பளமும் கொடுக்கிறார்கள் என்று தெரிந்ததும் ஓடிப்போய்ச் சேர்ந்த வேலை அது. எந்தச் சொல்லை யார் சொன்னாலும் அதன் அப்பன் யார், பாட்டன் யார், எந்தக் கப்பலில் வந்து இறங்கியது என்று ஆரம்பித்துவிடுவார். ஆரம்பித்தால் நிறுத்த மாட்டார். அதனால் அகராதி. கொஞ்சம் வீம்பும் உண்டு. அதனாலும் அகராதி. ஒரே பெயரில் தெரு இரண்டு வேலையை முடித்துக்கொண்டது.

அப்படிப்பட்ட மனிதர் காரணம் இல்லாமல் வாயை மூடுவாரா? காரணம் மச்சான்.

மனைவியின் அண்ணன் அன்றைக்குச் சாப்பிட வந்திருந்தார். வந்தவர் சாப்பிட்டுவிட்டுப் போயிருக்கலாம். "மாப்பிள்ளை, எனக்கு சாலரி கூடியிருக்கு" என்று வாயைக் கொடுத்தார். அவ்வளவுதான். அகராதிக்குச் சோறு மறந்துபோயிற்று.

"சாலரின்னா என்னன்னு நினைக்கிறீங்க மச்சான்? உப்பு! லத்தீன்ல சால்னா உப்பு. இந்த ரோமாபுரிச் சிப்பாய்ங்க இருக்காங்களே..."

சிப்பாய்கள் ரோமாபுரியை விட்டுக் கிளம்பினார்கள். தட்டில் இருந்தது ஆறிற்று. மச்சான் எடுத்த கவளம் தட்டுக்கும் வாய்க்கும் நடுவில் அப்படியே நின்றது. மரியாதைக்காக வாயைத் திறந்தே வைத்திருந்தார், பாவம். அதற்குள் கவளத்தைப் போடத்தான் சந்தர்ப்பம் கிடைக்கவில்லை. அப்போதுதான் மனைவி சொன்னாள்.

"உப்பு தட்டுலயே இருக்குங்க. அதுக்காக அண்ணனை ரோமாபுரி வரைக்கும் நடக்க வைக்காதீங்க. அவர் சாப்பிடட்டும், போதும்."

மச்சான் சிரித்தார். சிரித்ததில் புரையேறிற்று. புரையேறியும் சிரித்தார்.

அகராதிக்கு அது சுருக்கென்று தைத்துவிட்டது. அச்சக முதலாளி எத்தனையோ முறை கையெடுத்துக் கும்பிட்டு, "போதும் சார்" என்றிருக்கிறார். பஸ்ஸில் பக்கத்து சீட்காரர் எழுந்து போய்க் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றபடி பயணம் செய்திருக்கிறார். அதெல்லாம் அவருக்கு உறைத்ததே இல்லை. ஊரே காதைப் பொத்திக்கொண்டாலும் வீட்டில் கேட்க ஒருத்தி இருக்கிறாள் என்ற தைரியம். கல்யாணமான புதிதிலிருந்து தையல் மெஷினை மிதித்தபடியே "அப்புறம்?" என்று கேட்டு வந்தவள் அவள். அந்த "அப்புறம்" இருந்ததால்தான் அவர் இவ்வளவு நாள் அகராதியாக இருக்க முடிந்தது. அவளே நாலு பேர் எதிரில் போதும் என்றுவிட்டாள். எதிரில் இருந்தது ஒரு மச்சான்தான். ஆனால் அந்தச் சிரிப்பு நாலு பேர் சிரிப்பு.

மச்சான் தெருமுனை திரும்பியதும் அகராதி அறிவித்தார்.

"இனிமே இந்த வீட்டுல நான் வாயைத் திறக்க மாட்டேன்."

"சரிங்க."

"நீயா வந்து, உன் வாயால, 'இந்த வார்த்தைக்கு என்னங்க அர்த்தம்'னு என்னைக் கேட்கணும். அப்பதான் பேசுவேன்."

"நீங்களா பேசிட்டா?"

"பேச மாட்டேன்."

"பேசிட்டா?"

"உங்க அண்ணனுக்கு நானே போன் பண்ணி, சாப்பாட்டை ஆற வெச்சதுக்கு மன்னிப்புக் கேட்கிறேன். போதுமா?"

"இருங்க, அடுப்பை அணைச்சிட்டு வர்றேன்" என்று அவள் உள்ளே போனாள். அவள் திரும்பி வருவதற்குள் அகராதி மௌனத்தில் உட்கார்ந்துவிட்டார்.

மௌனம் தூரத்தில் இருந்து பார்க்கத்தான் அழகு. காலையில் குளிக்க வெந்நீர் வேண்டும். இரண்டு கைகளையும் மேலே தூக்கி, ஆவி பறக்கிற மாதிரி விரல்களை ஆட்டிக் காட்டினார். அவள் ஒட்டடைக் கம்பைக் கொண்டுவந்து கொடுத்தாள். மூக்குக்கண்ணாடியைக் காணோம் என்று கண்ணைச் சுற்றி வட்டம் போட்டார். "ஆந்தையா? எங்கங்க?" என்று ஜன்னலைத் திறந்து பார்த்தாள். வேண்டுமென்றே செய்கிறாளோ என்று சந்தேகம். கேட்டுவிடலாம் என்றால் வாயைத் திறக்க வேண்டும். பச்சைத் தண்ணீரில் குளித்துவிட்டு, எதிரே வருவது யார் என்று தெரியாமல் எல்லோருக்கும் வணக்கம் சொல்லிக்கொண்டே வேலைக்குப் போனார்.

வீட்டில் பேசாத பேச்செல்லாம் அச்சகத்தில் கொட்டிற்று. அச்சு மெஷின்மேன் ஒருநாள் மெஷினையே நிறுத்திவிட்டார்.

"சார், உங்க காலைத் தொட்டுக் கேட்கிறேன். வீட்ல கொஞ்சம் பேசிட்டு வாங்க சார்."

"வீட்ல பேசறதில்லைப்பா."

"அம்மாவுக்கு ஒரு நியாயம், எங்களுக்கு ஒரு நியாயமா சார்?"

சாயங்காலங்கள்தான் அவரைக் கொன்றன. அவள் பள்ளிக்கூடச் சட்டைகளுக்குப் பித்தான் தைத்துக்கொண்டிருப்பாள். நூலைப் பல்லால் கடிப்பாள். பித்தான்! போர்ச்சுகீசியன் கப்பலில் கொண்டுவந்த சொல் அது. இதைச் சொல்லாமல் ஒரு மனிதன் எத்தனை பித்தானைத்தான் பார்த்துக்கொண்டிருப்பான்? அவள் சில சமயம் ஏதோ சொல்லப் போகிறவள் போல நிமிர்வாள். அவர் காதைத் தீட்டிக்கொள்வார். அவள் மறுபடி குனிந்துகொள்வாள். அவள்மேல் அவருக்கு இரக்கமாக இருந்தது. தன்மேல் அதைவிட இரக்கமாக இருந்தது. 'கேளேன். ஒரே ஒரு வார்த்தை. தண்ணின்னா என்ன அர்த்தம்னாவது கேட்டுத் தொலையேன்' என்று மனசுக்குள் மன்றாடினார்.

அவள் கேட்கவில்லை.

இப்படியே போய்க்கொண்டிருக்கையில் ஒரு சாயங்காலம் பக்கத்து வீட்டுக்காரி வந்தாள். மருந்துக் கம்பெனியில் பாட்டிலில் சிரப் நிரப்புகிற வேலை. தெருவில் எல்லோருக்கும் சிரப் அக்கா. மனைவியும் அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவாள், அவளும் மனைவியை அக்கா என்றுதான் கூப்பிடுவாள். யாருக்கு வயது அதிகம் என்ற பிரச்சினையை இருவரும் அப்படித்தான் தீர்த்து வைத்திருந்தார்கள்.

அகராதி கூடத்தில் செய்தித்தாளை முகத்துக்கு நேரே விரித்துப் பிடித்திருந்தார். பெண்கள் இருவரும் சமையலறை வாசலில் உட்கார்ந்தார்கள். கூடத்துக்குத் தெளிவாகக் கேட்கிற தூரம்.

"அக்கா, ஒரு இங்கிலீஷ் வார்த்தைக்கு அர்த்தம் வேணும்" என்றாள் சிரப் அக்கா. "எங்க மெஷின் மேல எழுதி ஒட்டியிருக்காங்க. யூ, எல், எல், ஏ, ஜி, ஈ. நாளைக்கு மேனேஜர் வந்து எல்லாரையும் கேட்கப் போறாராம். தெரியலைன்னா மானம் போயிடும். சார்கிட்ட கேட்டுச் சொல்லுங்களேன்."

செய்தித்தாள் லேசாக ஆடிற்று.

"அவர் மௌனத்துல இருக்காரு அக்கா. தொந்தரவு பண்ணக் கூடாது. அதுக்கென்ன, இத்தனை வருஷம் அவர்கூடக் குடும்பம் நடத்தியிருக்கேன், எனக்குத் தெரியாதா? நான் சொல்றேன், எழுதிக்கோங்க."

செய்தித்தாள் ஆட்டத்தை நிறுத்திற்று.

"அது உல்லேஜா, அல்லேஜா அக்கா?"

"ரெண்டும் ஒண்ணுதான். வாய்க்கு எது வசதியோ அதைச் சொல்லிக்கலாம்."

வாய்க்கு எது வசதியோ அதுவா! செய்தித்தாளின் ஓரம் கசங்கிற்று.

"வில்லேஜ் தெரியும்ல? கிராமம். அதுல முதல் எழுத்து தேய்ஞ்சு போச்சுன்னா உல்லேஜ். அதாவது, கிராமம்னு சொல்ற அளவுக்குக்கூட இல்லாத ஊரு. நாலு வீடு, ஒரு நாய்."

"மருந்து மெஷின்ல எதுக்குக்கா நாலு வீடு, ஒரு நாய்?"

"மருந்து அங்கெல்லாம் போகணும்ல?"

அகராதி இருமினார். இருமல் பேச்சில் சேராது என்று தனக்குள் ஒரு சட்டம் வைத்திருந்தார். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

"இன்னொரு அர்த்தமும் இருக்கு, எழுதுங்க. அல்லி ராஜ்ஜியம்னு சொல்வோம்ல, பொம்பளைங்க ஆட்சி? வெள்ளைக்காரனுக்கு முழுசா வாயில நுழையலை. அல்லேஜ்னு சுருக்கிட்டான்."

"அட! எங்க செக்‌ஷன்ல எல்லாருமே பொம்பளைங்கதான்!"

"பார்த்தீங்களா, எப்படிப் பொருந்தி வருது!"

பொருந்தி வருகிறதாம். அகராதி தோளில் கிடந்த துண்டை எடுத்துப் பல்லுக்கு நடுவில் வைத்துக் கடித்துக்கொண்டார். ஒரு கமா இடம் மாறினாலே தூக்கம் கெடுகிற மனிதர். அவர் வீட்டுச் சமையலறையிலேயே ஒரு சொல்லை உயிரோடு தோலுரிக்கிறார்கள்.

"அந்த வார்த்தை எங்கிருந்து வந்துச்சுன்னு கேட்டா?"

"எங்கிருந்து வரும்? எல்லாம் நம்ம தமிழ்தான். அள்ளி முடிச்சாச்சுன்னா என்ன சொல்வோம்? அள்ளியாச்சு. அள்ளியாச்சு, அள்ளியாஜ், அல்லேஜ்!"

துண்டு வாயிலிருந்து நழுவி மடியில் விழுந்தது.

"பயப்படாம மேனேஜர்கிட்ட சொல்லுங்க அக்கா. பிரஸ்ல புரூஃப் பார்க்கிற சார் சொன்னாருன்னே சொல்லுங்க. கீழ அவர் பேரையும் எழுதிக்கோங்க."

"நிறுத்து!"

செய்தித்தாள் ஒரு பக்கம், துண்டு ஒரு பக்கம். அகராதி சமையலறை வாசலில் நின்றார். சிரப் அக்காவின் கையில் இருந்த பேனாவைப் பிடுங்கிக்கொண்டார்.

"எழுதாதீங்கம்மா! ஒரு எழுத்துகூட எழுதாதீங்க! அது அல்லிஜ்! அல்லிஜ்! அதுல கிராமமும் இல்லை, நாயும் இல்லை!"

அலமாரியிலிருந்து எண்ணெய் பாட்டிலை எடுத்து வெளிச்சத்துக்கு நேரே பிடித்தார்.

"இங்க பாருங்க. எண்ணெய் இதுவரைக்கும் இருக்கு. மூடி அங்க இருக்கு. நடுவுல காலியா ஒரு இடம் தெரியுதே, அதுதான் அல்லிஜ். அந்தக் காலத்துல பீப்பாயில ஒயின் வைப்பாங்க. கொஞ்சம் கசியும், கொஞ்சம் ஆவியாப் போகும். அப்படிக் குறைஞ்சு போன அளவுக்கும் அதே பேருதான். குறைஞ்சதை மறுபடி ஊத்தணும்ல? பீப்பாயில அதுக்குன்னு ஒரு துளை. அந்தத் துளையை பிரெஞ்சுக்காரன் கண்ணுன்னு சொன்னான். லத்தீன்ல ஓகுலஸ். கண்ணு! அது பிரெஞ்சுல புகுந்து, தேய்ஞ்சு, இங்கிலீஷுக்கு வந்து அல்லிஜா நிக்குது."

"துளைக்குப் போய்க் கண்ணா?" என்றாள் மனைவி. "ஊசியில இருக்கிற துளையை நாம காதுன்னு சொல்றோம்."

அகராதி அப்படியே நின்றுவிட்டார்.

"ஆமா! இங்கிலீஷ்காரன் ஊசிக்கும் கண்ணுங்கறான். நமக்குக் காது!"

இத்தனை வருஷத்தில் அவருக்கே இது தோன்றியதில்லை. அவர் பெண்டாட்டிக்குத் தோன்றியிருக்கிறது. அவருக்குப் பெருமை தாங்கவில்லை.

"அப்புறம்?" என்றாள் அவள்.

அந்த "அப்புறம்" வந்த பிறகு அவரை யார் பிடிப்பது? கிளாஸின் அடியில் மிஞ்சிப்போகிற துளிக்கும் அல்லிஜ் என்றே பேர் என்றார். ஒன்றுக்கும் உதவாத ஆளைக் கப்பல்படைக்காரர்கள் அல்லிஜ் என்று வைதார்கள் என்றார். ராக்கெட்டுக்குப் போனார். மேலே போனதும் எரிபொருள் தொட்டிக்குள் காலி இடத்தில் அலைபாயுமாம். அதைத் தள்ளி அடியில் சேர்ப்பதற்கென்றே குட்டி எஞ்சின்கள் உண்டாம், அவற்றுக்கும் இதே பேராம். ராக்கெட் எப்படிப் போகும் என்று ஒட்டடைக் கம்பால் காட்டினார். பீப்பாயில் ஆரம்பித்த சொல் ஆகாயத்துக்குப் போய்விட்டது.

"எதுக்கு சார் காலி இடம் விடணும்?" என்றாள் சிரப் அக்கா. "முழுசா நிரப்பிட்டா நல்லதுதானே?"

"சூடு பட்டா உள்ள இருக்கிறது விரியும்மா. விரியறதுக்கு இடம் இல்லைன்னா பாட்டில் உடைஞ்சிடும். எவ்வளவு உசத்தியான சரக்கா இருந்தாலும் கழுத்து வரைக்கும் ரொப்பக் கூடாது."

சொல்லி முடித்த பிறகுதான் அது அவர் காதிலேயே விழுந்தது. மச்சானும் அந்தரத்தில் நின்ற கவளமும் ஞாபகத்துக்கு வந்தன. பாட்டிலை மெதுவாக அலமாரியில் வைத்தார். வாழ்க்கையில் முதல் தடவையாக, யாரும் கும்பிடாமலே பேச்சை நிறுத்தினார்.

"நல்லாப் புரிஞ்சுது சார், வர்றேன்" என்று சிரப் அக்கா எழுந்தாள்.

"நாளைக்கு மேனேஜர்கிட்ட தைரியமா சொல்லுங்கம்மா."

"எந்த மேனேஜர்?" என்று கேட்டவள் நாக்கைக் கடித்துக்கொண்டு வாசலை நோக்கி ஓடினாள்.

மனைவி விட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அகராதிக்கு விஷயம் நிதானமாக விளங்கிற்று.

"நீதான் கேட்ட. 'அப்புறம்?'னு கேட்டியே?"

"அது நீங்க ஆரம்பிச்சதுக்கப்புறம். அதுக்கு முன்னாடி நான் உங்களை எதுவும் கேட்கலையே. அக்காவுக்கு எனக்குத் தெரிஞ்சதைச் சொல்லிட்டிருந்தேன். போனை எடுத்துட்டு வரட்டுமா?"

அகராதி தரையில் உட்கார்ந்துவிட்டார். அவளும் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"அண்ணன் முன்னாடி அப்படிச் சொன்னது தப்புதாங்க. சொல்லிட்டு எனக்கே மனசு கேட்கலை. ஆனா பாட்டிலைக் கழுத்து வரைக்கும் ரொப்ப வேணாம்னுதானே சொன்னேன்? நீங்க மொத்தமாக் கவிழ்த்துட்டீங்க. வீடு வீடாவே இல்லை. நீங்க ஏதாவது சொல்ல மாட்டீங்களான்னு தையலை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன்."

அகராதிக்குக் கண் கலங்கிற்று. அது லத்தீனில் என்ன என்று அவருக்கு அப்போது ஞாபகம் வரவில்லை.

"நீ கேட்கலைன்னா எனக்கு எந்த வார்த்தையும் வேணாம்" என்றார்.

"எனக்குத் தெரியுங்க."

மச்சானுக்குப் போன் போட்டு, மூன்றே வார்த்தையில் மன்னிப்புக் கேட்டார். எதிர்முனையில் மச்சான் பதறிப்போய், "உடம்புக்கு ஒண்ணும் இல்லையே மாப்பிள்ளை?" என்று விசாரித்தார். போனை வைத்ததும் அகராதிக்குப் பழைய தெம்பு திரும்பிவிட்டது.

"ஆனா ஒண்ணு. என் பேச்சைக் கேட்காம உன்னால இருக்க முடியலை. ஒத்துக்கோ."

"ஒத்துக்கறேன்."

"அப்ப ஜெயிச்சது யாரு?"

"நீங்கதான்."

"இவ்வளவு அழகாத் திட்டம் போடத் தெரிஞ்சவ, முதல் நாளே போட்டிருக்கக் கூடாதா? எதுக்கு இத்தனை நாள் ரெண்டு பேரும் தவிக்கணும்?"

அவள் எழுந்துபோய் மெஷின் முன்னால் உட்கார்ந்து, நூலைக் கோத்துக்கொண்டே சொன்னாள்.

"முதல் நாளே திட்டமெல்லாம் ரெடிங்க. சிரப் அக்கா வாசல் வரைக்கும் வந்துட்டாங்க. நான்தான், 'வீடு இவ்வளவு அமைதியா இருந்து நான் பார்த்ததே இல்லைக்கா, கொஞ்ச நாள் அனுபவிச்சிட்டுக் கூப்பிடறேன்'னு திருப்பி அனுப்பிட்டேன்."