ஆங்கிலத்தால் கெட்ட தேயிலை

நான் ஒரு தேயிலை ஃபேக்டரியில் ஒரு முழு ஈடு இலையைக் கெடுத்திருக்கிறேன். கையால் தொடவில்லை. மெஷினை நிறுத்தவில்லை. ஆங்கிலத்தால் கெடுத்தேன். சொன்னால் யாரும் நம்புவதில்லை, அதனால் எழுதி வைக்கிறேன்.

என் வேலை ஆங்கிலம் சொல்லிக்கொடுப்பது. கதை, கவிதை ஆங்கிலம் இல்லை. நர்ஸுக்கு ஆஸ்பத்திரியில் தேவைப்படும் ஆங்கிலம், வரவேற்பறையில் நிற்பவருக்கு ஹோட்டலில் தேவைப்படும் ஆங்கிலம், அந்த மாதிரி. யாருக்கு என்ன தேவை என்று முதலில் கண்டுபிடிக்க வேண்டும், பிறகுதான் பாடம் எழுத வேண்டும். இந்தத் துறையின் முதல் பாடமே அதுதான். பாலக்காட்டில் இந்தப் பாடத்தைப் பிள்ளைகளுக்குக் கத்திக் கத்தி நடத்தியிருக்கிறேன். (எனக்கு மெதுவாகப் பேச வராது. எருத்தேன்பதியில் தென்னந்தோப்புக்கு நடுவே வளர்ந்தவள். அங்கே பக்கத்து வீட்டோடு பேசுவதென்றாலே கத்தத்தான் வேண்டும்.)

முனைவர் பட்டத்துக்கு நான் எடுத்த தலைப்பு தேயிலை ஃபேக்டரியில் தொழில் ஆங்கிலம். பள்ளிவாசல் என்ற மலையூரைத் தாண்டி மேலே ஒரு எஸ்டேட்டில் அனுமதி கிடைத்தது. அனுமதி கிடைத்ததற்குக் காரணம் முருகேசன் அண்ணன்.

அவர் அங்கே உதவி டீமேக்கர். இலை எப்போது வாடியது, எப்போது அரைக்கலாம், எப்போது அடுப்புக்கு அனுப்பலாம் என்று தீர்மானிக்கிற ஆள்தான் டீமேக்கர். பெரிய டீமேக்கர் ஓய்வு பெறப் போகிறார். அந்த இடத்துக்கு முருகேசன் அண்ணனை விட்டால் ஆள் இல்லை என்று மொத்த ஃபேக்டரிக்கும் தெரியும். ஆனால் மேனேஜர் ஒரு நிபந்தனை போட்டிருந்தார். வெளிநாட்டிலிருந்து தேயிலை வாங்க வருகிறவர்களுக்கு ஃபேக்டரியைச் சுற்றிக் காட்டி ஆங்கிலத்தில் விளக்க வேண்டும். அடுத்த மாதம் ஒரு குழு வருகிறது. அவர் விளக்கிவிட்டால் வேலை அவருக்கு. இல்லாவிட்டால் வெளியிலிருந்து ஆள் எடுப்பார்கள்.

வேலை கிடைத்தால், லயம் என்கிற தொழிலாளர் வரிசை வீட்டின் ஒற்றை அறையை விட்டு ஸ்டாஃப் குவார்ட்டர்ஸுக்குப் போகலாம். "உள்ளயே பாத்ரூம் இருக்க ஊடு டீச்சர்" என்றார் அவர் மனைவி, என்னைப் பார்த்த முதல் நாளே. "மழைல குடையப் புடிச்சுக்கிட்டு எத்தன வருசம் போவுதது? எப்படியாச்சும் இந்த மனுசன் வாயில இங்கிலீச ஏத்திருங்க."

ஏற்றிவிடுகிறேன் என்றேன். சந்தேகமே இல்லாமல் சொன்னேன். அப்போது எனக்கு எதிலும் சந்தேகம் இருந்ததில்லை.

என் ஆய்வு நெறியாளர் மட்டும் தொணதொணத்தார். "முதலில் ஒரு வாரம் ஃபேக்டரிக்குள் சும்மா உட்கார். என்ன வேலை நடக்கிறது, யார் யாரிடம் எப்போது பேசுகிறார்கள் என்று பார். அப்புறம் பாடம் எழுது." ஒரு வாரமா? இலை என்ன ஆங்கிலத்திலா பேசப்போகிறது? ஃபேக்டரி ஆபீசில் ஒரு மணி நேரம் உட்கார்ந்தேன். டீ குடித்தேன். நல்ல டீ. இறங்கி வந்து ஆய்வறிக்கையில் 'தேவைகள் விரிவாக ஆராயப்பட்டன' என்று எழுதினேன்.

அடுத்த வாரம் பாடத்தோடு ஏறினேன். பதினைந்து நிமிடப் பேச்சு. முதலில் வணக்கம், பிறகு என்னென்ன சொல்லப்போகிறோம் என்ற முன்னோட்டம், பிறகு ஒவ்வொரு கட்டமாக விளக்கம், பிறகு சுருக்கம், கடைசியில் கேள்விகள். இதோடு நான்கு கட்டளைகள்: கையை ஆட்டக் கூடாது, வந்தவர்களின் கண்ணைப் பார்த்தே பேச வேண்டும், நடுவில் யார் கேட்டாலும் பதில் சொல்லக் கூடாது, ஆரம்பித்தால் முடிக்காமல் நிறுத்தக் கூடாது.

ஷிஃப்ட் முடிந்து கேன்டீனில்தான் வகுப்பு. முருகேசன் அண்ணன் கை கட்டி நின்று ஒப்பிப்பார்.

"டீச்சர், கைய ஆட்டாம எப்படிச் சொல்லுததுக்கு? ரோலர் எப்படிச் சுத்துதுன்னு காட்டணும்லா?"

"வாயில் காட்டுங்க."

"அவுக எலயத் தொட்டுப் பாக்கணும்னு சொன்னா?"

"கேள்வி எல்லாம் கடைசியில்."

"தொடுதது கேள்வியா?"

"அண்ணே, நான் இதில் ஆராய்ச்சி பண்றவ. நீங்க மனப்பாடம் பண்ணுங்க."

பண்ணினார். பாவம், மழையில் குடை பிடிக்கும் மனைவியை நினைத்து ராத்திரி பகலாகப் பண்ணினார். மூன்றாவது வாரத்தில் ஒரு சொல் பிசகாமல் சொன்னார். நான் பெருமையில் வீட்டுக்கு போன் செய்து, முனைவர் பட்டம் கையில் வந்த மாதிரி பேசினேன்.

குழு வரும் நாள். வருகிறவர்கள் இரண்டு பேர்: தலை நரைத்த ஓர் அம்மாள், அவர் உதவியாளர். கார் கீழே அடிமாலியைத் தாண்டியது என்று செய்தி வந்ததும் முருகேசன் அண்ணன் இலையை அரைக்கச் சொன்னார். அதற்கு ஒரு கணக்கு வைத்திருந்தார். அரைத்த இலையைத் தரையில் பரப்பினால் பச்சை மெல்ல மெல்லச் செம்பு நிறமாகும். பச்சை வாடை போய்ப் பழ வாசம் வரும். அந்த நேரத்தில் வாரி அடுப்புக்கு அனுப்பிவிட வேண்டும். கொஞ்சம் தள்ளினாலும் சுவை செத்துவிடும். வந்தவர்கள் கண் முன்னால், சரியான நொடியில், தன் மூக்கால் முகர்ந்து 'எடு' என்று சொல்லிக் காட்ட நினைத்திருக்கிறார். அதை என்னிடம் சொல்லவில்லை. நான் அவரைப் பேச விட்டால்தானே சொல்ல?

பள்ளிவாசல் பக்கம் டூரிஸ்ட் வண்டிகள் அடைத்துக்கொண்டன. கார் இருபது நிமிடம் தாமதம். அவர்கள் உள்ளே வரும்போது இலை பழுக்க ஐந்து நிமிடம்தான் பாக்கி. பேச்சு பதினைந்து நிமிடம்.

பரப்பிய இலைக்கு முன்னால் நின்று முருகேசன் அண்ணன் தொடங்கினார். நான் எதிரே, வந்தவர்களுக்குப் பின்னால், போனில் படம் எடுத்துக்கொண்டு நின்றேன். (ஆய்வுக்கு ஆதாரம் வேண்டுமே.) வணக்கம் பிரமாதம். முன்னோட்டம் அதைவிடப் பிரமாதம். மேனேஜரே லேசாகத் தலையாட்டினார்.

இரண்டாவது கட்டத்தில் அண்ணனின் மூக்கு விடைத்தது. முகம் இலைப் பக்கம் திரும்பியது. பயத்தில் தடுமாறுகிறார் என்று நினைத்தேன். 'என்னைப் பாருங்க, பேசுங்க' என்று கையைச் சுழற்றினேன். பேசினார்.

ஓரத்தில் மண்வெட்டி மாதிரி ஒன்றைப் பிடித்துக்கொண்டு பேச்சியக்காவும் இன்னொருவரும் நின்றார்கள். இலையை வாருவது அவர்கள் வேலை. ஆனால் அந்த ஃபேக்டரியில் டீமேக்கர் வாயிலிருந்து 'எடு' வராமல் ஒருவரும் ஓர் இலையைக்கூட அசைக்க மாட்டார்கள். அன்றைக்கு டீமேக்கர் இடத்தில் நின்றது முருகேசன் அண்ணன். அவர்கள் அவரைப் பார்த்தார்கள். அவர் என்னைப் பார்த்தார். நான் கையைச் சுழற்றினேன்.

பேச்சியக்கா பொறுக்க முடியாமல் என் பக்கம் வந்தார். "எண்ணே, எடுத்துருவமா?" என்று அண்ணனைப் பார்த்துக் கேட்க வாயெடுத்தார். நான் அக்காவின் கையைப் பிடித்தேன்.

"உஸ்! கேள்வி எல்லாம் கடைசியில்."

"இது கேள்வி இல்ல டீச்சர். எல."

"எதுவா இருந்தாலும் கடைசியில்!"

முருகேசன் அண்ணன் கட்டங்களை முடித்தார். சுருக்கத்தையும் முடித்தார். ஒரு சொல் பிசகவில்லை. நெற்றியெல்லாம் வேர்வை. கடைசியில், நான் சொல்லிக்கொடுத்த புன்னகையோடு, கேள்விகள் உண்டா என்றார்.

அந்த நரைத்த அம்மாள் கையைத் தூக்கினார். "இந்த இலை இந்த நிறத்தில்தான் இருக்க வேண்டுமா?" என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

தரையில் செம்பு நிறம் இல்லை. பழைய செருப்பின் நிறம். மேனேஜர் குனிந்து ஒரு பிடி அள்ளி முகர்ந்தார். கோட்டயத்துக்காரர். சாதாரணமாக எங்களோடு தமிழில்தான் பேசுவார். கோபத்தில் தமிழ் போய்விட்டது.

"ஆரு பறஞ்ஞு எடுக்கண்டா என்னு?"

எடுக்க வேண்டாம் என்று யார் சொன்னது என்கிறார். முருகேசன் அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். என்னைக் காட்டிக்கொடுத்திருக்கலாம். கொடுக்கவில்லை. வேலை, குவார்ட்டர்ஸ், பாத்ரூம் எல்லாம் அந்தத் தரையில் கிடந்து கறுத்துக்கொண்டிருந்தது.

எனக்குக் கோபம் வந்தது. வழக்கமாக அடுத்தவர்மேல் வரும். அன்றைக்கு என்மேல். போனைப் பையில் போட்டுவிட்டு முன்னால் போய் நின்றேன். பணியிடத்தில் தவறை ஒப்புக்கொள்வது எப்படி என்று நான் ஒரு தனிப் பாடமே நடத்துகிறவள். ஆங்கிலத்தில் ஏழு விதமாகச் சொல்லலாம். வாயைத் திறந்தேன். ஏழில் ஒன்றும் வரவில்லை. எருத்தேன்பதிதான் வந்தது.

"ஏனுங்க, அவர ஒண்ணும் சொல்லாதீங்க. என்ர தப்புங்க. பேச்ச நிறுத்தாதீங்கன்னு நாந்தானுங்க கைய ஆட்டிப்போட்டேன். அந்தக்கா வந்து கேட்டப்பகூட வாய அடைச்சுப்போட்டேனுங்க. எல எப்புடி இருக்கும்னே எனக்குத் தெரியாதுங்க!"

என் குரல் ரோலர் சத்தத்தையும் மீறி எதிரொலித்தது. வந்தவர்கள் இரண்டு பேரும் விழித்தார்கள். அந்த அம்மாள் முருகேசன் அண்ணனிடம், இவர் என்ன சொல்கிறார் என்று கேட்டார்.

ஆங்கில ஆசிரியைக்கு ஆங்கிலத்தில் மொழிபெயர்ப்பாளர் தேவைப்பட்டது. அவர் மொழிபெயர்த்தார். முன்னோட்டம் இல்லை, சுருக்கம் இல்லை. இலக்கணம் பார்க்காமல் சொற்களை அடுக்கி, கையை ஆட்டி ஆட்டிச் சொன்னார். டீச்சர் நல்ல டீச்சர், ஆனால் டீ தெரியாது, பேச்சை நிறுத்தாதே என்று என்னிடம் சொன்னார், தப்பு தன்னுடையது என்கிறார். அதோடு விட்டிருக்கலாம். விடவில்லை. "ஆனால் டீச்சர் தப்பு பாதிதான். பத்து நிமிடம் முன்னாலேயே என் மூக்குக்குத் தெரிந்துவிட்டது. நான்தான் வாயை நிறுத்தவில்லை. இனிமேல் இலை முதலில், பேச்சு பிறகு." பேச்சியக்கா பக்கம் திரும்பி, "எடு!" என்றார்.

அந்த அம்மாள் சிரித்துவிட்டார். கெட்ட இலையில் ஒரு பிடி, அடுத்த ஈட்டிலிருந்து நல்ல இலை ஒரு பிடி, இரண்டையும் அவர் மூக்கருகே மாற்றி மாற்றிப் பிடித்தார் முருகேசன் அண்ணன். முக்கால் மணி நேரம் இருவரும் கேள்வியும் பதிலுமாகப் பேசிக்கொண்டே போனார்கள். நான் பேச்சியக்கா பக்கத்தில் வாயை மூடிக்கொண்டு நின்றேன். என் வாழ்க்கையில் அவ்வளவு நேரம் மூடியிருந்தது அதுதான் முதல் தடவை.

இரண்டு வாரத்தில் அவருக்கு டீமேக்கர் உத்தரவு வந்தது. அதே நாள் எனக்கும் ஓர் உத்தரவு வந்தது, ஃபேக்டரிக்குள் நுழையக் கூடாது என்று. முருகேசன் அண்ணன்தான் மேனேஜரிடம் பேசி மாற்றினார். ஒரு மாதம் ஓரமாக ஸ்டூல் போட்டு உட்கார்ந்து பார்க்கலாம், பேசக் கூடாது. உட்கார்ந்தேன். பழைய பாடத்தைக் கிழித்துப் போட்டுவிட்டுப் புதிதாக எழுதினேன். அதில்தான் பட்டம் வாங்கினேன்.

கிளம்பும் நாளில் அவர் ஒரு பெரிய பையைக் கையில் கொடுத்தார். கெட்டுப்போன அந்த ஈட்டிலிருந்து காய வைத்து எடுத்த தூள்.

"இத வெளிய அனுப்புனா ஃபேக்டரி பேரு கெட்டுரும் டீச்சர். நீங்களே குடிங்க."

வீட்டில் அதைக் குடித்த என் கணவர் டம்ளரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "ஏம்புள்ள, இதென்ன டீயா, இல்ல உன்ற ஆராய்ச்சியா?" அன்றைக்கு வைத்த பேர். பிடிக்காத விருந்தாளி வந்து எழுந்திருக்காமல் உட்கார்ந்தால், அடுக்களைப் பக்கம் பார்த்துக் குரல் கொடுப்பார்: "ஆராய்ச்சி டீ போடு புள்ள!" இரண்டாவது மடக்கில் விருந்தாளி கிளம்பிவிடுவார்.

தூள் தீர்ந்து எத்தனையோ காலம் ஆகிறது. பேர் தீரவில்லை. போன பொங்கலுக்குப் பெருமாட்டியில் என் நாத்தனார் வீட்டுக்குப் போயிருந்தோம். வெள்ளி டம்ளரில் டீ கொடுத்தார். என் மகள் ஒரு மடக்குக் குடித்துவிட்டு, என் தொண்டை அப்படியே அவளுக்கு வந்திருக்கிறதே, மொத்த வீட்டுக்கும் கேட்கிற மாதிரி கேட்டாள்: "ஏனுங் அத்தை, நீங்களும் ஆராய்ச்சி பண்றீங்களா?"

அதிலிருந்து அந்த வீட்டில் எல்லோருக்கும் டீ, எங்களுக்கு மட்டும் மோர்.