நான் சீர் அனுப்பிய சவப்பெட்டி

தெரியாததைத் தெரியாது என்று சொல்ல எனக்கு எந்த வகுப்பிலும் சொல்லித் தரவில்லை. (அதற்குத் தனியாக மார்க் இருந்திருந்தால் படித்திருப்பேன்.)

எங்கள் வீட்டில் முதன்முதலில் பள்ளிக்கூடம் போனவள் நான். பி.யு.சி. முடித்ததும், மேலே படிக்க வைப்பதா, கட்டிக்கொடுப்பதா என்று அப்பாவும் பெரியப்பாவும் யோசித்துக்கொண்டிருந்தார்கள். கல்லூரி விண்ணப்பப் பாரம் வாங்க அலங்காநல்லூரிலிருந்து மூவரும் மதுரைக்கு வந்த அன்று, ஓர் இங்கிலீஷ் படத்தின் சுவரொட்டி முன்னால் பெரியப்பா நின்றுவிட்டார். திறந்த பெட்டி, அதற்குள்ளிருந்து எலும்புக் கை, கை நிறையத் தங்கம்.

"புள்ள இம்புட்டு படிச்சிருக்கு. இந்தப் படத்துக் கதையைச் சொல்லட்டும், அப்புறம் பாரத்தை வாங்குவோம்" என்று மூன்று டிக்கெட் எடுத்தார்.

பாடப்புத்தகத்தில் நிதானமாக உட்கார்ந்திருந்த இங்கிலீஷ், திரையில் பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறவன் மாதிரி ஓடியது. எனக்குப் பிடிபட்டது 'யெஸ்', 'நோ' இரண்டும்தான்.

"என்னத்தா சொல்றான்?"

"மகளுக்குக் கல்யாணமாம் பெரியப்பா. திறக்கும்போதெல்லாம் பெட்டி தங்கம் தருதாம்."

முன்வரிசையில் இரண்டு தலைகள் திரும்பின. "சத்தமாச் சொல்லு பாப்பா, நாங்களும் கேக்குறோம்."

அவ்வளவுதான். திரையில் பெட்டிக்குச் சொந்தக்காரன் இன்னும் இன்னும் என்று பெட்டியைத் திறந்தான். நானும் அதே வேகத்தில் கதை விட்டேன். அப்போது நாலு பேர் ஒரு சவப்பெட்டியைத் தூக்கி வந்தார்கள். (கல்யாணத்தை நான் ஏற்கெனவே நிச்சயித்துவிட்டேனே.)

"சீர் பீரோ" என்றேன்.

"எல்லாரும் அழுகுறாங்களே?"

"பொண்ணைப் பிரியணும்ல."

"கறுப்புச் சட்டையிலயா?"

"அவங்க வழக்கம் அப்படி."

அப்பா என்னைப் பெருமையாகப் பார்த்தார். அதுதான் இன்றும் உறுத்துகிறது.

இடைவேளையில் முறுக்கு விற்க வந்த ஓர் அம்மாவிடம், "கல்யாணம் எப்ப வரும் தாயி?" என்று கேட்டார் பெரியப்பா.

"என்ன கல்யாணம்ணே? அது சாபப் பெட்டி. ஒரு தடவை தங்கம் எடுத்தா வீட்டுல ஒரு உசுரு போகும். இப்பத்தான் மகளைத் தூக்கிட்டுப் போனாங்க, அடுத்து பொண்டாட்டி. அந்தாளுக்கு ஆசை விடலை. ஒரு வாரமா நாலு காட்சியும் பாக்குறேன். மழைக்குக்கூடப் பள்ளிக்கூடத்துல ஒதுங்காதவ, எனக்கே புரியுது. முறுக்கு வேணுமா?"

முன்வரிசை மொத்தமும் என்னைப் பார்த்தது.

படம் முடிந்து வெளியே வந்ததும் பெரியப்பா, "இதுக்கா படிப்பு? வாங்க, பஸ் ஏறுவோம்" என்றார். அப்பா நகரவில்லை.

"அரைகுறையாப் படிச்சதுக்கே பொணத்தைக் கல்யாணத்துக்கு அனுப்பிருச்சு. இப்படியே ஒருத்தன் வீட்டுக்கு அனுப்புனா அவன் கதி என்னண்ணே? முழுசாப் படிக்கட்டும்."

பாரம் வாங்கினோம்.

இன்று தல்லாகுளத்தில் ஓர் அலுவலகத்தில் எனக்கு வேலை. பட்டா, நோட்டீஸ் என எது வந்தாலும் பெரியப்பா என்னிடம்தான் கொண்டுவருவார். வரி வரியாக வாசித்து விளக்குவேன். கடைசிவரை பொறுமையாகக் கேட்டுவிட்டு, காகிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டே சொல்வார்:

"எல்லாஞ் சரித்தா. எதுக்கும் அந்த முறுக்குக்காரம்மாவை ஒரு வார்த்தை கேட்டுக்கிருவோம்."