பால் போத்தலும் பாலைவனப் பாம்பும்

பிழைகளைப் பொறுத்துக்கொள்ளுங்கள். ஐந்தாம் வகுப்போடு நின்றவள் நான். போதாக்குறைக்கு இப்போது மறதியும் சேர்ந்துவிட்டது. ஆனால் லண்டனில் ஒரு சின்ன மிருகக்காட்சிச்சாலையில் நான் பட்ட வெட்கம் மட்டும் மறக்கவில்லை.

தொண்ணூறுகளின் தொடக்கம். மகள் கலாவுக்குப் பிரசவம் கடினம் என்று டாக்டர்கள் சொன்னபோது, பிள்ளை சுகமாகப் பிறந்தால் எங்கள் ஊர்ப் பாம்புச் சாமி நாகதம்பிரானுக்குப் பாலும் முட்டையும் வைப்பதாக நேர்ந்துகொண்டேன். பேத்தி பிறந்துவிட்டாள். ஊரிலோ சண்டை, கோயிலுக்குப் போக வழியில்லை. பிள்ளை தும்மினாலே, நேர்த்தி தீரவில்லையே என்று ஓடிப்போய்த் திருநீறு பூசிவிடுவேன்.

அப்போதுதான் மருமகன் சிவா எங்களை மிருகங்கள் பார்க்கக் கூட்டிப்போனார். (வாசல் மணி அடித்தாலே அறைக்குள் ஒளிகிறவள் நான். அன்றைக்கு என்ன துணிவோ!) பிளேஸ்டோ வீட்டிலிருந்தே என் கைப்பைக்குள் பேத்தியின் பால் போத்தலும் ஒரு முட்டையும் வந்தன. சிவாவுக்குச் சொல்லவில்லை.

அங்கே நல்லபாம்பு இல்லை. ஒரு கண்ணாடிப் பெட்டிக்குள் மணலும் கல்லும்தான். வெளியே பாம்புப் படம். நாகதம்பிரான் கண்ணுக்குத் தெரிந்துதானா இருக்க வேண்டும்? முட்டையை முன்னாலிருந்த தட்டில் வைத்தேன். கண்ணை மூடிக்கொண்டு கண்ணாடியில் பாலை ஊற்றினேன்.

"ஐயோ மாமி! என்ன செய்யிறியள்?"

முட்டை உருண்டு, ஓடிவந்த காவலரின் சப்பாத்தில் விழுந்து உடைந்தது. அவர் காலை உதறி நிலத்தில் அடித்தார். உடனே பெட்டிக்குள் கடுகு வெடிப்பது போல ஒரு சத்தம். கல்லுக்கடியிலிருந்து இன்னொரு கல் ஊர்ந்து வந்ததா என்ன! அதே நிறம். வாலை நிமிர்த்திக் கிலுக்கியது.

காவலருக்குக் கோபம் பறந்துவிட்டது. அமெரிக்கப் பாலைவனத்திலிருந்து வந்த பாம்பாம். வந்த நாள் முதல் ஒளிந்தே கிடந்ததாம். தண்ணீர் குடிக்காமல் செத்துவிடுமோ என்று பயந்துகொண்டிருந்தாராம். சிவா தலையைக் குனிந்தபடி மொழிபெயர்த்தார்.

"மாமி, இது பால் குடிக்காதாம். முட்டையும் தின்னாதாம். எலி, பல்லிதானாம்."

"பாம்பெண்டால் முட்டை தெரியாமல் இருக்குமே?"

"இது முட்டையே இடாதாம். குட்டிதான் போடுமாம்."

"அப்ப எங்கடை கலா மாதிரி! சரியான இடத்துக்குத்தான் வந்திருக்கிறன்."

பிறகு காவலர் சொன்னதில்தான் எனக்கு உயிர் வந்தது. அந்தப் பாலைவனத்தில் எப்போதாவது மழை பெய்தால், இது சுருண்டு படுத்துத் தன் முதுகில் நிற்கும் தண்ணீரையே குடிக்குமாம்.

"அப்ப மேலிலை ஊத்தச் சொல்லுங்கோ, தம்பி. அபிஷேகம் எண்டு சொல்லுங்கோ."

"அதுக்கு இங்கிலீசிலை என்ன மாமி?"

"மழை எண்டு சொல்லுங்கோவன்!"

காவலர் மேலே திறந்து தண்ணீர் தெளித்தார். கிலுக்கு நின்றது. பாம்பு தோசை மாதிரித் தட்டையாகச் சுருண்டது, தன் முதுகில் வாயை வைத்தது, குடித்தது! கூடிநின்றவர்கள் கைதட்டினார்கள். காவலர் என் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டு, நிலம் துடைக்கும் துணியையும் கையில் தந்தார். சிந்திய பாலை ராணி மாதிரித் துடைத்தேன்.

அந்தப் பேத்தி இப்போது கலியாணம் முடித்தவள். பால் தேத்தண்ணி நீட்டினால், "வேண்டாம் அம்மம்மா, முதுகிலை ஊத்துங்கோ, நக்கிக் குடிக்கிறன்" என்பாள். வீடே சிரிக்கும்.

பாம்பின் பெயர் மறந்துபோயிற்று. குட்டி போடுவதும் முதுகுத் தண்ணீர் குடிப்பதும் சரிதானா என்று படித்தவர்கள் யாராவது பார்த்துச் சொல்லுங்கள். நேர்த்தி செல்லுமா என்று மட்டும் பார்க்க வேண்டாம். அது செல்லும்.