ஜெர்மன்காரன் பக்கத்தில் யாரும் உட்காரவில்லை

அன்பும் மதிப்பும் நிறைந்த போர்கில்ட் அக்காவுக்கு,

ஸ்கார்விக்கிலிருந்து தம்பி ஹால்வார் எழுதுவது. உன் முழங்கால் வலி குறைந்திருக்கும் என்றும், அத்தான் மீன்பிடிக்கப் போன இடத்தில் பேச்சைக் குறைத்து மீனைக் கூட்டியிருப்பார் என்றும் நம்புகிறேன். என் உடம்புக்கு ஒன்றுமில்லை. மனசுதான் சரியில்லை. போன கிறிஸ்துமஸுக்கு நீ சொன்னாயே, "பெர்கனுக்கு வந்துடுடா, மாடி ரூம் சும்மாதானே கிடக்கு" என்று. வருகிறேன் அக்கா. வீட்டை விற்றுவிட்டு வந்துவிடுகிறேன். ரூமைக் கூட்டி வை. ஏன் என்று நீ போனில் கேட்டால் எனக்குச் சொல்ல வராது, அதனால் எழுதிவிடுகிறேன், பொறுமையாகப் படி.

இங்கே சினிமா எடுக்கிறார்கள். ஜெர்மன்காரன் நம் நாட்டைப் பிடித்து வைத்திருந்த காலத்துக் கதைதான், வேறென்ன. இந்தப் படங்கள் எல்லாவற்றிலும் ஒருவன் பனிச்சறுக்குக்கட்டை கட்டிக்கொண்டு மலை தாண்டுவான், ஒருத்தி ரொட்டிக் கூடையில் துப்பாக்கி கொண்டுபோவாள், தரைப்பலகைக்கு அடியில் ரேடியோ இருக்கும், கடைசியில் ஏதாவது ஒரு தொழிற்சாலை வெடிக்கும், நாமும் மூக்கைச் சிந்திக்கொண்டே வீட்டுக்கு வருவோம். ஆஸ்லோவிலிருந்து வந்திருக்கும் டைரக்டர் தீரில் என்ற பெண்ணுக்கு அதிலெல்லாம் இஷ்டமில்லை. ஊர்க் கூட்டத்தில் எழுந்து, "என் படத்துல யாரும் சுட மாட்டாங்க, எதுவும் வெடிக்காது. ஒரு பஸ், அதுல ஒரு ஜெர்மன் சிப்பாய். அவன் பக்கத்துல மட்டும் யாரும் உட்கார மாட்டாங்க. அதுதான் படத்துக்கே உயிர்" என்றாள். உனக்கு ஞாபகம் இருக்கும், அம்மா இரண்டு கையிலும் நம்மைப் பிடித்துக்கொண்டு, ஜெர்மன்காரன் பக்கத்துச் சீட் காலியாக இருந்தும் வழி நெடுக நின்றுகொண்டே வருவாள். தீரில் அதைச் சொன்னதும் கூட்டத்தில் எல்லோரும் நடிக்கிறோம் என்று கை தூக்கிவிட்டார்கள். கூலி கிடையாது, காப்பியும் பழுப்புச் சீஸ் வைத்த வாஃபிளும் உண்டு. ஊர்ப்பொது வேலைக்கு வராதவனை ஸ்கார்விக்கில் யாரும் ஒரு வார்த்தை திட்டமாட்டார்கள், ஆனால் அவன் வீட்டுச் சாக்கடை அடைத்துக்கொண்டால் யாரும் எட்டிப் பார்க்கவும் மாட்டார்கள், உனக்குத் தெரியாததா.

நான் கை தூக்கியதற்குக் காரணம் வாஃபிள் இல்லை. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அத்தானிடம் சொல்லாதே. மருந்துக்கடையில் வேலை பார்க்கிற அந்தப் பெண்மணி ரன்வெய்க்கை உனக்குத் தெரியும். சனிக்கிழமை சனிக்கிழமை நாங்கள் இருவரும் ஒரே பஸ்ஸில்தான் டவுனுக்குப் போகிறோம். அவர் டிரைவருக்குப் பின்னால், நான் அதற்கு நாலு சீட் தள்ளி. ஏறும்போது அவர் தலையாட்டுவார், நானும் ஆட்டுவேன். வருஷக்கணக்காக இப்படியே ஆட்டிக்கொண்டிருக்கிறோம். அவருடைய நீலக் கம்பளித் தொப்பியைப் பார்த்துக்கொண்டே போவதற்குத்தான் நான் டவுனுக்கே போகிறேன், அங்கே எனக்கு ஒரு வேலையும் இல்லை. எழுந்துபோய்ப் பக்கத்தில் உட்கார வேண்டியதுதானே என்பாய். எப்படி அக்கா உட்கார முடியும், வேறு சீட் காலியாக இருக்கும்போது? குடித்திருக்கிறான் என்று நினைப்பார்கள், இல்லையென்றால் ஸ்வீடன்காரன் என்று நினைப்பார்கள். சினிமா என்றால் யார் எங்கே உட்காருவது என்று டைரக்டர் சொல்வாள், நம் மேல் பழி இல்லை, அவளே ரன்வெய்க்கை என் பக்கத்தில் உட்கார வைத்துவிடுவாள் என்று கணக்குப் போட்டேன். இந்த வயதில் ஒரு மனுஷன் எவ்வளவு அசட்டுக் கனவு காணலாம் என்பதற்கு நானே சாட்சி.

உடுப்புக் கொடுக்கிற அம்மாள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். "உங்க உயரத்துக்கு இந்த ஒரு கோட்டுதான் இருக்கு" என்று எடுத்து நீட்டினாள். ஜெர்மன் சிப்பாயின் கோட்டு. பெல்ட், பூட்ஸ், தொப்பி எல்லாம் அளவெடுத்துத் தைத்த மாதிரி பொருந்தித் தொலைத்தன. அந்த உடுப்போடு பேக்கரிக்குப் போனேன், பள்ளிக்கூடத்தில் என் கூடப் படித்த பேக்கரிக்காரி கண்ணாடிக்குள் தட்டு நிறைய பன்னை வைத்துக்கொண்டே "தீர்ந்துடுச்சு" என்றாள். சிரிப்பாள் என்று நின்று பார்த்தேன். அவள் சிரிக்கவில்லை.

முதல் நாள் ஒத்திகை. நான் நடு சீட்டில் உட்கார்ந்தேன். ஊர்ச் சனங்கள் ஏறினார்கள். ஆளுக்கு ஒரு ஜன்னல், பக்கத்தில் அவரவர் பை, கடைசியில் ஏறியவர்கள் நின்றுகொண்டார்கள். தீரில் காமிரா வழியாகப் பார்த்தாள், கண்ணைக் கசக்கிவிட்டு மறுபடியும் பார்த்தாள். "இதுல ஜெர்மன்காரனை ஒதுக்கறாங்கன்னு எப்படித் தெரியும்? எல்லார் பக்கத்துலயும்தான் ஆள் இல்லையே" என்றாள். படகுக் கொட்டகை குட்டோர்ம்தான் எங்கள் சார்பில் பேசினான். "நாங்க எப்பவும் இப்படித்தாம்மா உட்காருவோம்." "அப்போ வெறுப்பை எப்படிக் காட்டறது?" "மூஞ்சியில காட்டறோம்." தீரில் ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். "காலையில ஹலோ சொன்னப்பவும் இதே மூஞ்சிதானே இருந்துது" என்றாள்.

கடைசியில் அவளே ஆட்களைத் தோளைப் பிடித்து இரண்டிரண்டு பேராக உட்கார வைத்தாள். ஜெர்மன்காரன் மட்டும் தனி, மற்ற எல்லோரும் நெருக்கமாக, அப்போதுதான் படத்தில் தெரியும் என்றாள். ரன்வெய்க்கை குட்டோர்ம் பக்கத்தில் வைத்தாள். முதலில் எல்லோரும் பல் பிடுங்கப் போனவர்கள் மாதிரிதான் விறைத்துக்கொண்டு இருந்தார்கள். மறுநாள் பார்த்தால் பிளாஸ்க் மூடியில் காப்பி ஊற்றிக் கொடுக்கிறார்கள், "கொஞ்சம் தள்ளி உட்காருங்க, உங்க மணிபர்ஸ் குத்துது" என்று கேலி பேசுகிறார்கள். குட்டோர்ம் திரும்பி என்னைப் பார்த்து, "என்னடா ஹால்வார், உனக்கு மட்டும் முழு சீட்டா, கொடுத்துவெச்சவன்டா" என்றான். அவனை எனக்கு நாற்பது வருஷமாகத் தெரியும், அன்றைக்குத்தான் அவனைப் பிடிக்காமல் போனது.

பஸ் ஓடவே இல்லை அக்கா, அதைச் சொல்ல மறந்துவிட்டேன். சர்ச் பக்கத்தில் நிறுத்தி வைத்து, வெளியிலிருந்து பலகையால் நெம்பி ஆட்டினார்கள். நாலு பேர் பைன் கிளைகளைத் தூக்கிக்கொண்டு ஜன்னலோரமாக ஓடினார்கள். கோடைக்காலத்தில் காகிதப் பனி கொட்டியது. புகை போட்டார்கள், அது கடல் மேல் கிடந்த நிஜ மூடுபனியோடு கலந்து எது யாருடையது என்று தெரியாமல் போயிற்று. கிளைகள் போய்க்கொண்டே இருக்க, நான் எங்கும் போகாமல் போய்க்கொண்டிருந்தேன். கண் சொக்கிவிட்டது போலிருக்கிறது. அம்மா ஏறினாள். அந்தச் சாம்பல் நிறக் கோட்டு, ஒரு கையில் நீ, ஒரு கையில் நான். என் பக்கத்து சீட் காலியாக இருக்கிறது, அவள் நிற்கிறாள். எனக்கு எழுந்திருக்க வேண்டும், "அம்மா, நான்தாம்மா, உட்காரு" என்று சொல்ல வேண்டும், பூட்ஸ் கால் நகரவில்லை. அவள் என்னைத் தாண்டி ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் கையிலிருந்த சின்னப் பையனும் அப்படியே பார்த்தான். அந்த ஜெர்மன்காரன் பாவம் என்று நான் சொல்ல வரவில்லை, அவன் வந்திருக்கவே கூடாது. ஆனால் நான் வந்தவன் இல்லையே அக்கா, இங்கேயே பிறந்தவன். எனக்கும் ஏன் பக்கத்தில் ஆளில்லை?

அதிலிருந்துதான் எல்லாம் கெட்டது. எனக்கு ஒரே ஒரு வசனம். சீட் இருக்கும்போது நிற்கக்கூடாது, உட்கார் என்று ஜெர்மன் மொழியில் அதட்ட வேண்டும். ரன்வெய்க் அப்போதும் மாட்டேன் என்று நிற்க வேண்டும், அவருக்காகவே அந்தக் காட்சியை மாற்றியிருந்தாள் தீரில். நான் அவர் முகத்தைப் பார்த்துச் சொன்னேன். தீரில் நிறுத்தினாள். "சார், இது கட்டளை. நீங்க கெஞ்சறீங்க." மறுபடி சொன்னேன். "இப்பவும் கெஞ்சறீங்க." மறுபடி. "சார், ஜெர்மன் ராணுவம் அழாது." பஸ் முழுக்கச் சிரிப்பு. ரன்வெய்க் மட்டும் சிரிக்கவில்லை, கம்பியைப் பிடித்துக்கொண்டு தன் காலணியையே பார்த்துக்கொண்டிருந்தார். எப்படியோ ஒரு தடவை கத்தித் தொலைத்தேன். "இதுதான் வேணும்" என்றாள் தீரில். இறங்கும்போது ரன்வெய்க் என்னிடம் பேசினார், வருஷக்கணக்கான தலையாட்டலுக்குப் பிறகு முதல் பேச்சு. "நல்லா நடிச்சீங்க. எனக்குப் பார்க்கவே முடியல" என்றார். சொல்லிவிட்டுக் குட்டோர்ம் இருந்த வாஃபிள் மேசைக்குப் போய்விட்டார்.

பார்க்கவே முடியவில்லையாம். இதற்கு மேல் என்ன இருக்கிறது? படம் வெளிவந்தால் ஊரே நான் கத்துவதைச் சினிமாக் கொட்டகையில் உட்கார்ந்து பார்க்கும், அதுவும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு. இனி அந்தச் சனிக்கிழமை பஸ்ஸில் எனக்குத் தலையாட்ட யாரும் இல்லை. அதனால்தான் சொல்கிறேன், வீட்டை விற்கிறேன், வருகிறேன்.

அத்தானுக்கு என் வணக்கம். உன் பிள்ளைகளும் பேரக்குழந்தைகளும் நோய் நொடி இல்லாமல், நனையாத காலணியோடு நெடுங்காலம் வாழட்டும்.

உன் பிரியமுள்ள தம்பி,
ஹால்வார்

பின்குறிப்பு: இதை டவுனில் தபாலில் போடலாம் என்று சனிக்கிழமை பஸ் ஏறினேன். என் வழக்கமான சீட்டில் ஜன்னலோரம். மழை, அதனால் டிரைவரையும் என்னையும் தவிர ஆளில்லை, அத்தனை சீட்டும் காலி. மருந்துக்கடை நிறுத்தத்தில் ரன்வெய்க் ஏறினார். தலையாட்டினார். டிரைவருக்குப் பின்னால் உட்காராமல் நேரே வந்து, "கொஞ்சம் தள்ளுங்க" என்றார். தள்ளினேன். "பக்கத்துல ஆள் இருந்து பழகிடுச்சு, தனியா உட்கார என்னமோ மாதிரி இருக்கு" என்றார். பாலம் தாண்டியதும் சொன்னார், "அன்னிக்கு நீங்க உட்காருங்கன்னு கேட்டீங்களே, முதல் தடவையே உட்கார்ந்திருப்பேன். அந்த டைரக்டர் பொண்ணு திட்டுமேன்னு நின்னேன்." டிரைவர் கண்ணாடியில் எங்களையே பார்த்துக்கொண்டு ஓட்டுகிறான், நாளைக்குள் ஊருக்கே தெரிந்துவிடும். நம் ஊரில் இதற்கு என்ன அர்த்தம் என்று உனக்கு நான் விளக்க வேண்டியதில்லை. இப்போது அவர் முன்னால் பார்த்தபடி, நான் எழுதுவதைப் படிக்காத மாதிரி படித்துக்கொண்டிருக்கிறார். "பெர்கனுக்கு யாரு போறாங்க?" என்று கேட்டார். யாரும் போகவில்லை என்றேன். ரூமைக் கூட்டாதே அக்கா. எழுத்து கோணலாக இருப்பதற்குப் பஸ்ஸைக் குறை சொல்லாதே, எனக்குக் கையை அசைக்க இடமில்லை.