மாப்பிள்ளை நெஞ்சில் நின்ற களி

எங்கள் பக்கத்தில் ராகிக் களியை மெல்லுகிறவனை ஆம்பளைக் கணக்கில் சேர்ப்பதில்லை. உருண்டையிலிருந்து கிள்ளி, குழம்பில் புரட்டி, பல்லில் படாமல் உள்ளே அனுப்ப வேண்டும். சூளகிரி வட்டாரத்திலேயே இதில் பேர்போன குடும்பம் எங்களுடையதுதான் என்று என் சித்தப்பா சொல்வார். (யாரும் கேட்டதில்லை. அவராகவே சொல்வார்.)

அப்படிப்பட்ட குடும்பத்தில் பிறந்த எனக்குக் கல்லூரிக் காலத்திலிருந்தே சாப்பாடு நெஞ்சில் நின்று நின்றுதான் இறங்கும். ஒரு வாய் சோற்றுக்கு ஒரு வாய் தண்ணீர். ஓசூரில் நான் வேலை பார்க்கும் தொழிற்சாலை கேன்டீனில் கடைசியாகக் கை கழுவுகிறவன் நான்தான். நிதானமான ஆள் என்றார்கள். நானும் அதை நம்பி உள்ளூரப் பூரித்துக்கொண்டேன். இயந்திரங்களுக்கு எண்ணெய் போகும் குழாய்களில் அடைப்பு எடுப்பதுதான் என் வேலை. சொந்தக் குழாயைப் பற்றி ஒரு நாளும் யோசித்ததில்லை.

இந்த லட்சணத்தில் காவேரிப்பட்டினத்தில் எனக்குப் பெண் பேசி முடித்தார்கள். பெயர் கௌசல்யா. ஓசூரிலேயே ஒரு கம்பெனியில் கணக்குப் பிரிவில் இருந்தாள். பார்த்த அன்றே எனக்குப் பிடித்துப்போனது. (அவளுக்கு என்னைப் பிடித்ததா என்று கேட்கவில்லை. பயம்.) சம்பந்தம் முடிவாகும்வரை பெண் வீட்டில் நாங்கள் சாப்பிட மாட்டோம். முடிவானதும் உட்கார்ந்து கை நனைப்போம். கை நனைத்தால் பெண்ணை ஏற்றுக்கொண்டதாக அர்த்தம். பாதியில் எழுந்தால் என்ன அர்த்தம் என்று நான் விளக்க வேண்டியதில்லை.

மற்ற வீடுகளில் கை நனைக்கக் கேசரியும் வடையும் வரும். கௌசல்யாவின் அப்பா மாந்தோப்பு வைத்திருக்கும் விவசாயி. களியும் நாட்டுக்கோழிக் குழம்பும் போட்டார்.

"எங்கூட்டுப் பையன் பல்லே படாம முழுங்குவான், பாருங்க" என்று சித்தப்பா அறிவித்தார். பந்தியே என்னைப் பார்த்தது. சமையலறை வாசலில் கௌசல்யாவும் நின்றாள். வழக்கமாகச் சுண்டைக்காய் அளவுக்குத்தான் களியைக் கிள்ளுவேன். அன்றைக்கு எலுமிச்சம்பழ அளவு கிள்ளி, கோழித்துண்டு ஒன்றையும் சேர்த்து, ஒரே விழுங்கு.

நின்றுவிட்டது.

பழைய வைத்தியமாகத் தண்ணீர் குடித்தேன். போன வழியே திரும்பி வந்தது. மூச்சு தாராளமாக வந்தது, எச்சில்கூட இறங்கவில்லை. வாயைத் திறந்தால் இலையில் கொட்டும் என்பதால் கன்னங்கள் உப்ப உட்கார்ந்திருந்தேன்.

"காரமா மாப்ள?" என்றார் கௌசல்யாவின் அப்பா. இல்லை என்று தலையாட்டினேன். "உப்பு கம்மியா?" அதற்கும் இல்லை. காரமும் சரி, உப்பும் சரி என்றால், பிடிக்காதது பெண்ணைத்தான் என்று அவர் கணக்குப் போட்டது முகத்திலேயே தெரிந்தது. அதற்குமேல் தாங்காமல் கொல்லைப்பக்கம் ஓடிப்போய்த் துப்பினேன்.

சித்தப்பா வாழைப்பழத்தோடு ஓடி வந்தார். "மேல இருந்து ஒண்ணு தள்ளுனா, கீழ இருக்கிறது தானா போயிரும்டா!"

பின்னாலேயே வந்த கௌசல்யா அந்தப் பழத்தைப் பிடுங்கி மாட்டுத் தொட்டியில் போட்டாள். "அவருக்கு எச்சிலே முழுங்க முடியல. இன்னும் தள்ளுனா என்ன ஆவுறது? அப்பா, வண்டிய எடுங்க!"

துண்டால் வாயைப் பொத்தியபடி அவளைப் பார்த்தேன். இவளை விட்டுவிடக் கூடாது என்று அங்கேயே முடிவு செய்தேன். (முடிவு செய்கிற நிலையிலா இருந்தேன்?)

கிருஷ்ணகிரியில் ஒரு ஆஸ்பத்திரியில் குழாய் விட்டு எடுத்தார்கள். உள்சதையைக் கொஞ்சம் கிள்ளிப் பரிசோதனைக்கும் அனுப்பினார்கள். முடிவு தெரிகிற அன்று கௌசல்யாவும் அவள் அப்பாவும் வந்து நின்றார்கள். சம்பந்தத்தை முறிக்கத்தான் வந்திருக்கிறார்கள் என்று என் அப்பா தலை குனிந்துகொண்டார்.

"இயோசினோபில்னு ஒரு வெள்ளையணு. அலர்ஜின்னா வரும்" என்றார் டாக்டர். "உணவுக்குழாய்ல அதுக்கு வேலையே இல்ல. உங்களுக்கு அங்க கூட்டமா உக்காந்திருக்கு. வருஷக்கணக்கா வீங்கி வீங்கிக் குழாயே சுருங்கிருச்சு. பாலோ, கோதுமையோ, முட்டையோ, எது ஒத்துக்கலன்னு நிறுத்திப் பார்த்துத்தான் கண்டுபிடிக்கணும். மருந்து இருக்கு, அடங்கும். ஆனா எப்பவும் கவனமா இருக்கணும்."

"களி?" என்றார் சித்தப்பா, குரல் நடுங்க.

"களி மேல பழி போடாதீங்க. மென்னு சாப்பிடச் சொல்லுங்க."

கௌசல்யாவின் அப்பா என் பக்கம் நகர்ந்து வந்தார். "அப்ப மாப்ள, பொண்ணு புடிக்காம எழுந்திரிக்கலையே?"

"இல்லிங்க மாமா. பொண்ணு பாத்துட்டு நின்னதாலதான் அவ்ளோ பெருசா எடுத்தேன்."

டாக்டர் சிரித்துவிட்டார். கௌசல்யா சிரிக்கவில்லை. அவள் அப்பா பக்கம் திரும்பி, "சமையல்காரர்கிட்ட பால் பாயசம் வேணாம்னு சொல்லிருங்கப்பா. தேங்காப்பால்ல பண்ணட்டும்" என்றாள். அவள் எங்கள் கல்யாணப் பந்தியைப் பற்றிப் பேசுகிறாள் என்று எனக்கு உறைக்கக் கொஞ்ச நேரம் ஆனது.

கடைசியில் பால்தான் குற்றவாளி. மருந்தும் தொடர்கிறது, சாப்பாடும் ஒழுங்காக இறங்குகிறது. விசேஷ வீடுகளில் யாராவது எனக்குப் பாயசம் ஊற்றக் கரண்டியைத் தூக்கினால் போதும், கௌசல்யா வெள்ளையணுவில் தொடங்கி முழு வரலாற்றையும் சொல்லிவிடுவாள். என் உணவுக்குழாயின் கதை இரண்டு தாலுகாவுக்குத் தெரியும். எனக்கு அதில் வெட்கமே இல்லை. இப்படி ஒருத்தி நமக்காகப் பேசுகிறாளே என்று பெருமையாகத்தான் இருக்கிறது.

மாமனார் மட்டும் இன்னும் விடவில்லை. அவர் வீட்டில் புதிதாக யார் களிக்கு உட்கார்ந்தாலும் பக்கத்தில் போய்ச் சொல்வார்: "மென்னே சாப்புடுங்க. மெல்லாம முழுங்குனவருக்கு எங்க பொண்ணையே குடுத்துட்டோம். குடுக்க இன்னொண்ணு இல்ல."

பந்தி முழுக்கச் சிரிக்கும். நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு மென்றுகொண்டே இருப்பேன்.