லியோரா யாரு?

“லியோராவா? யாரு அது?”

பேத்திக்கு என்ன பேர் வைக்கப் போகிறார்கள் என்று தெரிந்ததும் தம்பிதுரை கேட்ட முதல் கேள்வி இதுதான். வேறு யாராக இருந்தாலும் ‘என்ன அர்த்தம்’ என்று கேட்டிருப்பார்கள். காரமடையில் தேங்காய் மண்டி வைத்து, தட்டிப் பார்க்காமல் ஒரு காயைக்கூட நம்பாத மனிதர் அவர். பெற்ற மகனை மட்டும் தட்டாமல் விடுவாரா?

“யாருமில்லீங்ப்பா. பாப்பா பேரு,” என்றான் தீபக், செல்போனிலிருந்து கண்ணை எடுக்காமல்.

“அது தெரியுது. அதுக்கு முன்னாடி யாரு பேரு?”

“நித்யா தேடிப் புடிச்ச பேருங்ப்பா. அவளையே கேளுங்க.”

பெண்டாட்டியைக் கைகாட்டிவிட்டு நழுவுகிறான். எலி ஏன் அம்மணமாக ஓடுகிறது என்று தம்பிதுரைக்குத் தெரியாதா?

மருமகள் நித்யஸ்ரீ குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு பொறுமையாகவே விளக்கினாள். “ஹீப்ரு பேருங்க மாமா. யூதர்கள் பேசற பாஷை. ‘லி’ன்னா எனக்கு. ‘ஓர்’னா ஒளி. எனக்கொரு ஒளின்னு அர்த்தங்க.”

“அர்த்தம் நல்லாத்தான் இருக்குது அம்மணி,” என்று சொல்லிவிட்டு வந்தவருக்கு அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. எனக்கொரு ஒளி! அப்பன் மகளைப் பார்த்துச் சொல்கிற பேச்சா அது? காலேஜ் பையன் காலேஜ் பெண்ணைப் பார்த்துச் சொல்கிற பேச்சல்லவா?

மறுநாளே பஸ் மாறி மாறி மதுக்கரைக்குப் போனார். தீபக்குக்குப் பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லிக்கொடுத்த ரூபன் வாத்தியார் அங்கேதான் இருந்தார். ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவர். லியோரா பைபிளில் வருகிற பேர் என்று அவர் ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் போதும், நிம்மதியாகத் திரும்பிவிடலாம்.

“சாரா இருக்குதுங்க, எஸ்தர் இருக்குதுங்க. லியோரா இல்லீங்க,” என்றார் வாத்தியார். “பாஷை பழசு, பேர் புதுசுங்க. பேச்சு வழக்கில்லாமக் கெடந்த பாஷையை மறுபடி பேச ஆரம்பிச்சாங்க பாருங்க, அதுக்கப்புறம் வந்த பேரு. சின்ன வயசுப் புள்ளைகளுக்குத்தான் இருக்கும்.”

“சின்ன வயசுன்னா?”

“நம்ம தீபக் வயசுல வெச்சுக்குங்களேன்.”

வாத்தியார் மோர் கொண்டுவரச் சொன்னார். தம்பிதுரை குடிக்காமலே எழுந்துவிட்டார். சாமி பேர் இல்லை, பழைய பேர் இல்லை, தீபக் வயசுப் பெண்ணின் பேர். இதற்குமேல் என்ன சாட்சி வேண்டும்? பழைய சிநேகிதியின் பேரை மகளுக்கு வைத்துவிட்டு, இந்தப் பயல் காலமெல்லாம் வாய் நிறையக் கூப்பிடப் போகிறான். என்றைக்காவது அது மருமகள் காதுக்குப் போகும். அன்றோடு குடும்பம் ரெண்டுபடும், பேத்தியோடு அவள் தாய் வீட்டுக்குப் போய்விடுவாள்.

காதும் காதும் வைத்த மாதிரி விசாரிக்கும்படி மனைவி நாச்சியம்மாளிடம் சொன்னார். நாச்சியம்மாளுக்கு ரகசியம் என்றால் தொண்டை இன்னும் நன்றாகத் திறக்கும்.

“ஏங்கண்ணு நித்யா, லியோரான்னு நம்ம தீபக்குக்கு யாராச்சும் பழக்கமா? உங்க மாமா உனக்குத் தெரியாமக் கேட்டுப்போட்டு வரச் சொன்னாரு.”

நித்யஸ்ரீ குழந்தையின் முதுகைத் தட்டிக்கொண்டிருந்த கையை நிறுத்தினாள்.

“அத்தை, நான் எத்தனையோ பேர் சொன்னனுங்க. ஒண்ணுக்கும் தலையைக்கூட ஆட்டலை. லியோரான்னதும் ‘ஆகா, சூப்பர்’னு துள்ளி எந்திரிச்சாருங்க.”

“அப்ப சிக்ஸர் அடிச்சாங்கம்மா! மேட்ச் பாத்துட்டு இருந்தேன்!” என்று தீபக் கூடத்திலிருந்து கத்தினான்.

யாரும் நம்பவில்லை. அன்று முதல் நித்யஸ்ரீ அவனோடு குழந்தை மூலமாகத்தான் பேசினாள். “உங்கப்பாவுக்குச் சட்னி வேணுமான்னு கேளு கண்ணு. இல்ல, லியோரா வந்து ஊத்துவாளாமா?”

“வேணும்னா என்ற காலேஜ் ரூம்மேட் ரியாஸைக் கேளுங்க!” என்று தீபக் அப்பாவிடம் கெஞ்சினான். “எங்க காலேஜ்லயே அப்படியொரு பேர் கிடையாதுங்ப்பா!”

“அவன் உன்ற சிநேகிதன். உனக்கேத்த மாதிரிதான் சொல்லுவான். அவனையெல்லாம் கேக்க முடியாது.”

குட்டையைக் குழப்பியவரே தெளிய வைக்க வேண்டும் அல்லவா? தம்பிதுரை எல்லோரையும் கூடத்தில் உட்கார வைத்தார். “எங்கிருந்தோ வந்த பேரு நமக்கெதுக்கு? தமிழ்ப் பேரா வெச்சுக்கலாம்.” கொஞ்சம் யோசித்தார். “பொற்கொடி.”

எப்படி வாயில் வந்தது என்று அவருக்கே தெரியவில்லை. எப்போதோ இந்த வீட்டிலேயே கேட்டுப் பழகின பேர் மாதிரி இருந்தது.

தீபக் கையிலிருந்த காபி அவன் மடியிலேயே கொட்டியது. “ஐயோ, வேண்டாங்ப்பா!”

“ஏன்டா?”

“அது... ரொம்பப் பழைய பேருங்ப்பா. ராசம்மாள்னு வைங்க. நஞ்சம்மாள்னு வேணும்னாலும் வைங்க!”

“பாத்தீங்களா மாமா, எப்படிப் பதறறாருன்னு?” என்றாள் நித்யஸ்ரீ. “அந்த லியோராவை விட மனசே வரலீங்க இவருக்கு. பொற்கொடிதான் வெக்கணும். எனக்குப் புடிச்சிருக்குது.”

ஆளுக்கொரு பக்கம் நின்றால் கொங்கு நாட்டில் கடைசித் தீர்ப்பு குலதெய்வத்துடையது. வெள்ளிக்கிழமை கோயிலுக்குப் போய்ப் பூக் கேட்டார்கள். வெள்ளரளி வந்தால் லியோரா, செவ்வரளி வந்தால் பொற்கொடி. இரண்டையும் தனித்தனி இலையில் மடித்து அம்மன் காலடியில் வைத்தார் பூசாரி. பரீட்சைக்குக்கூட அப்படி வேண்டியிராத தீபக், கண்ணை இறுக மூடி, உதடு துடிக்க வேண்டினான். அதையும் தம்பிதுரை ஓரக்கண்ணால் பார்த்து மனதில் வைத்துக்கொண்டார்.

பூசாரி ஒன்றை எடுத்துப் பிரித்தார். செவ்வரளி.

“இன்னொருக்கா கேக்கலாங்களா?” என்றான் தீபக்.

“ஆத்தா ஒருக்காத்தான் சொல்லுவா தம்பி,” என்றார் பூசாரி.

தொட்டில் போடும் நாளன்று வீடு நிறையச் சொந்தம். குழந்தையின் காதில் மூன்று தரம் பேரைச் சொல்ல வேண்டியது தகப்பன். தீபக் குனிந்து ஏதோ முணுமுணுத்தான்.

“எல்லாருக்கும் கேக்கோணும். வாய் விட்டுச் சொல்லு!” என்று அதட்டினார் தம்பிதுரை.

“பொற்கொடி... பொற்கொடி... பொற்கொடி.”

நித்யஸ்ரீயின் முகத்தில் வெகு நாளைக்குப் பிறகு சிரிப்பு வந்தது. “இதுக்கு எத்தனை பாடு படுத்திட்டீங்க?” என்று கணவனிடம் நேராகவே பேசினாள். தம்பிதுரைக்குக் கண் கலங்கிவிட்டது. எவளோ ஒருத்தியின் பேர் இந்த வீட்டில் ஒலிக்காமல் தடுத்துவிட்டார். மகனுடைய குடித்தனத்தைக் காப்பாற்றிவிட்டார். அந்தச் சந்தோஷத்தில் பாட்டுப் போட்டுக்கொண்டிருந்தவரிடம் மைக்கை வாங்கி, “என்ற பேத்தி பொற்கொடி நல்லா இருக்கோணும்!” என்று தெருவுக்கே கேட்கும்படி ஒருமுறை சொன்னார்.

அப்போதுதான் உக்கடத்திலிருந்து தீபக்கின் ரூம்மேட் முகமது ரியாஸ் கையில் அல்வாப் பெட்டியோடு உள்ளே வந்தான். மைக்கில் சொன்ன பேர் வாசலிலேயே அவன் காதில் விழுந்திருந்தது. தீபக் கையைக் காலை ஆட்டிச் சைகை காட்டியதை அவன் கவனிக்கவில்லை. நேராகத் தொட்டிலிடம் போனவன், நித்யஸ்ரீயைப் பார்த்துக் கைகூப்பினான்.

“உங்க மனசு யாருக்கு வருமுங்க, தங்கச்சி! காலேஜ் முச்சூடும் இவன் எந்தப் புள்ளைய நெனச்சு உருகுனானோ, அந்தப் புள்ள பேரையே வெச்சிருக்கீங்களே!”